மிஸ்ரி சாரின் கடைசிப் படத்தில் என் அண்ணன்

அன்று எங்கள் வீட்டில் இருந்தவர்கள் ஐந்து பேர். அம்மா, நான், என் வீட்டுக்காரர், கம்பத்திலிருந்து வந்த காசிம் அண்ணன், அப்புறம் எகிப்து நாட்டு சினிமா டைரக்டர் ஒருவர். வாசலில் நின்று எட்டிப் பார்த்தவர்களை நான் கணக்கில் சேர்க்கவில்லை.

டைரக்டர் கொண்டுவந்த என் அண்ணனின் பையைத் திறந்ததும் ஏலக்காய் வாசம் அடித்தது... லீவு முடிந்து போகும்போது போடியில் வாங்கி அண்ணனிடம் நான் கொடுத்துவிட்டது. பாதி பாக்கெட் மிச்சம் இருந்தது. அண்ணன்தான் இல்லை.

துபாயில் அவருக்குப் பதினோரு வருஷம் சமைத்துப் போட்டவன் அண்ணன். எகிப்துக்காரரை அங்கே மிஸ்ரி என்பார்கள். அதனால் எங்களுக்கும் அவர் மிஸ்ரி சார்.

வெள்ளிக்கிழமை போன் வந்தால் பாதி நேரம் அவர் கதைதான். ரயில்வே கேட் கீப்பர் மகன். செங்கல் சூளை ஜனங்களை வைத்து எடுத்த முதல் படத்தை அந்த நாட்டு அரசாங்கம் வெளியே விடவில்லை. இரண்டாவது ஓடியது. மூன்றாவதற்குப் பிறகு யாரும் கூப்பிடவில்லை. பிழைப்புக்குத் துபாய் வந்து நோன்பு மாதத்து டிவி சீரியல் எடுத்தார்.

"அழுகாச்சி சீரியல் எடுத்துட்டு வந்த அன்னைக்கு மட்டும் சாப்புடாமப் படுத்துக்கிருவாக" என்பான் அண்ணன்.

வயசான காலத்தில் சொந்த வீட்டை விற்று ஒரு கடைசிப் படம். நடிகர்கள் கிடையாது, அதுதான் அவர் வழக்கம். டிரைவர், வாட்ச்மேன், சமையல்காரர்... சுற்றி இருக்கிறவர்களையே கேமரா முன்னால் நிறுத்திவிடுவார். கட்டடத்திலிருந்து விழுந்து சாகிற வெளிநாட்டுக் கூலியாள் வேஷம் அண்ணனுக்கு.

படம் முடிந்த இரண்டாம் மாதம், அடுப்படியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவன் எழுந்திருக்கவில்லை. பெட்டியில் வந்தான். அம்மாவுக்கு ஒரே ஒரு தடவைதான் திறந்து காட்டினார்கள்.

கருமாதி முடிந்து ஒரு வாரம் கழித்து மிஸ்ரி சார் வந்தார். கைத்தடி ஊன்றிக்கொண்டு, அவ்வளவு தூரம். அவர் அரபியில் பேச, குவைத்தில் லாரி ஓட்டிய காசிம் அண்ணன் தமிழில் சொன்னார்.

"ஆத்தா, ஒங்க மகன் நடிச்சத ஒங்களுக்குத்தேன் மொதல்ல காட்டணும்னு வந்துருக்காக."

லேப்டாப்பை நாற்காலி மேல் வைத்தார். அண்ணன் மணலில் கிடக்கிறான். கண் மூடியிருக்கிறது. யாரோ வந்து வெள்ளைத் துணியை முகத்தின் மேல் இழுத்துவிடுகிறார்கள்...

நல்லது செய்கிறோம் என்று நினைத்துத்தான் வந்திருக்கிறார் அந்த மனுஷர்.

"போதும்ணே, மூடச் சொல்லுங்க" என்றார் என் வீட்டுக்காரர்.

அம்மா அழவில்லை. "ஏப்பா காசிமு, எந்திரிச்சுச் சிரிச்சானான்னு கேளு."

எங்கள் பக்கத்துக்கு ஷூட்டிங் புதிதில்லை. வீரபாண்டி ஆற்றங்கரையில் கூட்டத்தில் நிற்க அம்மாவே கூலிக்குப் போயிருக்கிறாள். பிணமாக நடித்தவரை அப்படியே விட மாட்டார்கள். கட் சொன்னதும் எழுப்பி உட்கார வைத்து, சிரிக்கச் சொல்லி, அதையும் கேமராவில் எடுத்துவிட்டு, பூசணிக்காய் உடைத்த பிறகுதான் அனுப்புவார்கள். இல்லாவிட்டால் அந்தச் சாவு ஒட்டிக்கொள்ளும் என்று பயம்.

காசிம் அண்ணன் இரண்டு தரம் விளக்கிச் சொன்னார். மிஸ்ரி சாருக்கு முகம் விழுந்துவிட்டது.

"எந்திரிச்சானாம் ஆத்தா. கேமராக்காரன்கிட்ட கையக் காட்டி என்னமோ கேட்டானாம். இவுகதேன், வெளிச்சம் போகுது, சீக்கிரம் எடத்தக் காலி பண்ணுன்னு சத்தம் போட்டாகளாம். எதுக்குக் கேட்டான்னு இன்னைக்குத்தேன் வெளங்குதுங்குறாக."

"எடுத்தானா, இல்லையா? அதச் சொல்லச் சொல்லு."

"தெரியலையாம்."

"பெரிய டைரக்டராம்ல! தன் கேமரா ஓடுச்சா நின்னுச்சான்னு தெரியாதாக்கும்!"

அதைக் காசிம் அண்ணன் அரபியில் சொல்லவில்லை. ஆனாலும் அவருக்குப் புரிந்துவிட்டது. தடியைக் கீழே வைத்துவிட்டு, சுவரைப் பிடித்துப் பிடித்து அம்மா எதிரில் தரையிலேயே உட்கார்ந்தார். எல்லாவற்றையும் போட்டுப் பார்த்து, இருந்தால் அனுப்புகிறேன் என்றார்.

ஒரு தடவை எழுதினார். எடுத்ததெல்லாம் கெய்ரோவில் எடிட்டிங் செய்த இடத்தில் பூட்டிக் கிடக்கிறது, திறக்கச் சொல்லியிருக்கிறேன் என்று. அடுத்த வருஷம் அவரும் போய்விட்டார். அந்தப் படம் ஒரே ஒரு ஊரில் ஒரே ஒரு காட்சி ஓடியதாம்.

இதெல்லாம் நடந்து ஏழு வருஷம். அம்மாவுக்கு இப்போது வலது கண் போய்விட்டது. இடது கண்ணும் சில மாதம்தான் என்கிறார் மதுரை டாக்டர்.

சனிக்கிழமை தவறாமல் குச்சனூரில் எள் விளக்குப் போடுகிறேன். உயிரைக் கொடுப்பதும் எடுப்பதும் மேலே இருக்கிறவர், ஒரு ஷாட்டில் என்ன இருக்கிறது என்று அம்மாவிடம் சொல்லியும் பார்த்தேன்.

"அது எனக்கும் தெரியும்டி. அவன் எந்திரிச்சத நான் பாக்கணும்."

இந்தக் காலத்தில் பக்கத்து வீட்டுக் குழந்தை சோறு தின்பதைக்கூட தினம் வீடியோ எடுக்கிறார்கள். அண்ணன் கடைசிவரை வைத்திருந்தது பட்டன் போன், அனுப்பியதெல்லாம் விறைப்பாக நிற்கிற போட்டோதான். நடக்கிற, பேசுகிற அண்ணன் எங்களிடம் ஒரு நிமிஷம்கூட இல்லை.

கெய்ரோவில் தெரிந்தவர்களோ, அரபியில் கடிதம் எழுதக்கூடியவர்களோ உங்களில் யாராவது இருக்கிறீர்களா? டைரக்டர் பெயரையும் அவர் மகளுடைய விலாசத்தையும் தனியாக அனுப்புகிறேன். அண்ணன் எழுந்திருக்கிற அந்தப் படத்துண்டு இருக்கிறதா என்று மட்டும் கேட்டுச் சொன்னால் போதும். இல்லை என்றாலும் பரவாயில்லை... சீக்கிரம் பதில் போடுங்கள்.