கொக்கியில் தொங்கிய போர்டு

கன்னட நாட்டுத் தலைநகரில், ஆடுகோடியில் சித்தி நடத்திய இட்லிக் கடையின் வாசலுக்கு மேலே இரண்டு இரும்புக் கொக்கிகள் இருந்தன. கடையின் பெயரைத் தமிழில் எழுதிய தகரப் போர்டு அவற்றில் தொங்கும். காவிரி பற்றி ரேடியோவில் பேச்சு எழுந்தாலே அடிதடிக்குப் பயந்து எங்கள் தெருவில் தமிழ்ப் போர்டுகள் இறங்கிவிடும். எழுத்து தரையைப் பார்க்கக் கட்டிலுக்கடியில் கிடக்கும். ஊர் அடங்கியதும் துடைத்து மாட்டுவோம். மழை வந்தால் கொடித்துணியை எடுப்பதுபோல அது பழகிப்போயிருந்தது.

ஒரு வருஷம் சித்தி மறுத்துவிட்டார். "பேடா அக்கா, வேணாம், கழட்டிடுங்க" என்று பக்கத்துப் பூக்கடைக் கன்னடக்காரர் கெஞ்சினார். "நான் யார் சோத்துல மண்ணு போட்டேன்? எதுக்குக் கழட்டணும்?" என்றார் சித்தி. அன்று மாலை கலவரக் கும்பல் வந்து கடையை எரித்தது. அந்தப் பூக்கடைக்காரர் வீட்டில்தான் ஒளிந்திருந்தோம். மறுநாள் கரிபிடித்த சுவரில் கொக்கிகள் மட்டும் நின்றன. சித்தி அழவில்லை. அவற்றை இழுத்துப் பார்த்துவிட்டு, "கெட்டியாத்தான் இருக்கு" என்றார்.

இப்போது நான் வேலை செய்யும் இடத்தில் அந்தத் தெருவை மெய்நிகர் காட்சியாகக் கட்டினோம். கருவியைக் கண்ணில் மாட்டிக்கொண்டால் எரிவதற்கு முந்தைய தெருவில் நடக்கலாம். நடந்ததைச் சித்தியின் குரல் சொல்லும். முதலில் அவருக்குத்தான் மாட்டிவிட்டேன். தலையைத் தூக்கி வாசலையே பார்த்தார்.

"போர்டு எங்கடி?"

எங்களிடம் இருந்த ஒரே புகைப்படம், ஏதோ ஒரு பயந்த வாரத்தில் போர்டைக் கழற்றிய பிறகு எடுத்தது. அதைப் பார்த்து அப்படியே கட்டியிருந்தோம். எங்கள் மேலாளரும் தமிழர்தான். "விடுங்கம்மா, எதுக்கு வீண் வம்பு? போர்டு இல்லாமலே கதை புரியும்" என்றார். சித்திக்கு வந்ததே கோபம்!

"என்ன புரியும்? அடுப்பு வெடிச்சு எரிஞ்சதுன்னு நெனப்பாங்க. போர்டை வைங்க. இல்லேன்னா என் குரலை அழிச்சிடுங்க."

அந்தக் குரல் இல்லாவிட்டால் அது வெறும் பொம்மைத் தெரு. மேலாளர் சம்மதித்தார். சித்தி பக்கத்தில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல, நான் எழுத்தெழுத்தாக வரைந்தேன். சிவப்பு போதாது என்று திருத்தவும் வைத்தார். எனக்கு அன்று இருந்த பெருமை கொஞ்சநஞ்சமல்ல.

அதே நகரத்துப் பிரேசர் டவுனில் காட்சி தொடங்கவிருந்த வாரத்தில் மறுபடி காவிரிச் செய்தி. மேலாளர் எனக்குப் போன் செய்தார். "ஒரே ஒரு வாரம், அந்தப் போர்டை மட்டும் எடுத்து வைக்கலாமாம்மா?"

"எங்க சார் வைக்கிறது?" என்றேன். "எங்க வீட்டுக் கட்டிலுக்கடியில இனிமே இடமில்ல."

தொடக்க நாளன்று கருவியை மாட்டிக்கொண்டு முதல் ஆளாக உள்ளே போனேன். இரண்டு கொக்கிகளிலும் போர்டு தொங்கிக்கொண்டிருந்தது.