எதிர்க்கரையின் சட்டம்

எதிர்க்கரை என்று ஒரு நாடு இருந்தது. சுங்காய் ஊர்ப் பக்கத்து ரப்பர் எஸ்டேட்டில், எங்கள் லயத்து வரிசை வீடுகளுக்குப் பின்னால் ஓடிய ஆற்றின் அந்தப் பக்கம் அது இருப்பதாக அண்ணன் சொல்லுவான். உண்மையில் அங்கே வெறும் புதர்தான். அவனும் தங்கச்சி நானும் மட்டுமே குடிமக்கள்.

அங்கே நிறத்தின் பெயரை யாரும் யாரிடமும் சொல்லக்கூடாது. கேட்பது அதைவிடப் பெரிய குற்றம். நிறம் பொருளில் இல்லை, ஒவ்வொருத்தர் கண்ணுக்குள்ளும் கடவுள் மடித்து வைத்திருக்கிறார், அடுத்தவர் அதைப் பிரித்துப் பார்க்க முடியாது, பார்க்கவும் கூடாது என்பது அந்த ஊர்க் கொள்கை. கடையில் சேலை வேண்டுமென்றால், "அம்மா கோவமா இருந்தன்னிக்குக் கட்டியிருந்த மாதிரி ஒண்ணு குடுங்க" என்றுதான் கேட்க வேண்டும். நிறத்துக்காகச் சண்டை போட்டவர்கள் ஒருவர் சோற்றை மற்றவர் சாப்பிட வேண்டும்.

"என் செவப்பும் உன் செவப்பும் ஒண்ணுதான்னு எவன் உள்ள பூந்து பாத்தான்?" என்பான்.

"அப்ப ரோட்டுல சிக்னல் லைட்டு?" என்று மடக்குவேன். பன்னிரண்டு வயதிலேயே எனக்கு வாய் காது வரை நீளம்.

"அந்த ஊர்ல லாரியே கெடையாதுலா!"

விளையாட்டு என்றே நினைத்தேன். அப்பா இல்லாத வீடு. அம்மாவும் அண்ணனும் பால்மரம் சீவினார்கள். பால் எப்போதும் வெள்ளைதான், அந்த வேலையில் நிறம் யாரையும் தொந்தரவு செய்ததில்லை.

எழுபதுகளில் அந்த மரங்களைச் சாய்த்துவிட்டு எண்ணெய்க்காகச் செம்பனை போட்டார்கள். சாய்த்த அன்று எதிர்த்துக் கத்தியவர்களில் அண்ணனும் ஒருவன். செம்பனை காய்ப்புக்கு வந்தபோது அம்மாவின் இடுப்பு விழுந்திருந்தது. அண்ணன் குலை வெட்டப் போனான், அவன் பேரில்தான் எஸ்டேட் வீடு.

கறுத்த குலை காய், சிவந்தது பழம். பெரிய மரமாக இருந்தால் கீழே உதிர்ந்ததைப் பார்த்துத் தெரிந்துகொள்ளலாம். இளம் மரத்தில் பழம் மட்டை இடுக்கிலேயே சிக்கிக்கொள்ளும், கண்ணை நம்பித்தான் வெட்ட வேண்டும். அண்ணன் கறுப்புக் குலையாகவே வெட்டித் தள்ளினான்.

"வேணும்னே வெட்றான். மரத்த சாய்ச்ச கோவம்" என்றார் வேலை வாங்கும் மண்டோர். "இன்னொரு தடவ காய் வந்துச்சு, பெட்டியக் கட்டிக்க வேண்டியதுதான்."

லயமே அதை நம்பியது. பெற்ற அம்மாவும் நம்பினாளே, அதுதான் எனக்கு ஆறவே இல்லை. அண்ணனோ மறுநாளும் குலை வெட்டவே போனான்.

ஒரு சாயங்காலம் கொல்லையில் அவன் பழுத்த மிளகாய் பறித்துக்கொண்டிருந்தான். ஒவ்வொன்றாக விரலால் அமுக்கிப் பார்த்துவிட்டுத்தான் கிள்ளினான்.

"செவப்பாத்தானே இருக்கு, எதுக்குண்ணே அமுக்குற?"

"அது கேக்கக் கூடாத கேள்வி" என்றான். சிரிக்கவில்லை.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அட கடவுளே, அந்த நாடு விளையாட்டே இல்லை. அவனுக்கு ஒளிந்துகொள்ள ஓர் இடம் வேண்டியிருந்தது.

பள்ளி விடுமுறையில் நான் உதிரிப் பழம் பொறுக்கப் போவேன். அந்த வாரமே மறுபடியும் அவன் குவியலில் காய் வந்தது. மண்டோர் வீட்டைக் காலி பண்ணச் சொன்னார். அண்ணன் தலையாட்டினான். எனக்குத் தாங்கவில்லை.

"அய்யா, அண்ணனுக்கு நெறம் தெரியாதுங்க! அவன் வேணும்னு வெட்டல!" என்று எல்லார் முன்னாலும் கத்திவிட்டேன்.

மண்டோர் ஒரு கையில் காயும் ஒரு கையில் பழமும் எடுத்து நீட்டினார். "தொடாம சொல்லு. எதுடா செவப்பு?"

அண்ணன் அவற்றைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தான். பிறகு காயைக் காட்டினான். சுற்றி நின்றவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். பாவிகள்!

"மொதல்லயே சொல்லித் தொலைச்சிருக்கலாம்லடா" என்று மண்டோர் அவனை லாரியில் குலை ஏற்றும் வேலைக்கு மாற்றினார். வீடு தப்பியது. அம்மா அந்த வீட்டில்தான் கண்ணை மூடினாள். நான் கத்தியது தப்பென்று இன்றைக்கும் யாரும் என்னிடம் சொல்லிவிட முடியாது.

ஆனால் அன்றிலிருந்து லயத்துக் குஞ்சு குளுவானெல்லாம் சட்டையையும் பந்தையும் தூக்கிக்கொண்டு வந்து, "அண்ணே, இது என்னா கலரு?" என்று கேட்கும். நான் விளக்குமாற்றை எடுத்துக்கொண்டு துரத்துவேன். அவன் பொறுமையாக ஏதாவது ஒரு நிறத்தைச் சொல்லிவைப்பான்.

எண்பதுகளில் ஜெலாப்பாங் ஊரில் தொழிற்சாலை ஒன்றில் கலர் கலராக வயர் பிரிக்கும் வேலையில் இருந்தேன். கோப்பெங்கிலிருந்து அவன் பார்க்க வந்திருந்தான், அங்கேதான் அப்போது லாரிக்குச் சுமை ஏற்றிக்கொண்டிருந்தான். தேத்தண்ணி குடிக்கும்போது வாய் சும்மா இருக்காமல் கேட்டேன்.

"எதிர்க்கரை எப்டிண்ணே இருக்கு?"

தம்ளரைக் கீழே வைத்தான்.

"மொத்தமே ரெண்டு பேரு. ஒருத்தி சட்டத்த மீறிட்டா. மிச்சம் ஒருத்தனுக்கு எதுக்கு புள்ள ஒரு நாடு?"