அம்மா அழுகாது

அந்தப் பிள்ளையின் வாயில் அந்தச் சொல்லைப் போட்டவள் நான்தான். நீதிபதிக்குத் தெரியாது, வக்கீல்களுக்குத் தெரியாது. உங்களிடம்தான் முதலில் சொல்கிறேன்.

அப்போது நான் உத்தமபாளையத்தில் பெண் போலீஸ். கம்பம் பக்கம் ஒரு திராட்சைத் தோட்டக்காரர் மனைவியோடு சண்டை போட்டு, ஏழு வயது மகளைப் பள்ளிக்கூட வாசலிலிருந்தே தூக்கிப் போய்விட்டார். பிள்ளையைக் கண்ணில் காட்டவில்லை. வைகை அணைப் பக்கம் தாய்வீட்டில் கிடந்த அந்தப் பெண், மதுரை ஹைகோர்ட்டில் ஆட்கொணர்வு மனு போட்டாள். பிள்ளையைக் கொண்டுவந்து நிறுத்து என்று உத்தரவு. கூட்டிப்போகும் வேலை என் தலையில் விழுந்தது.

முந்தின நாள் முழுக்க பந்தோபஸ்து. வீட்டில் என் மகனுக்குக் காய்ச்சல். இதெல்லாம் ஒரு காரணமா என்று நானே கேட்டுக்கொள்கிறேன்... காரணம்தான். நியாயம் இல்லை.

தகப்பன் வக்கீலோடு காரில் முன்னே போய்விட்டார். ஜீப் ஆண்டிபட்டிக் கணவாய் ஏறும்போது பிள்ளை வாந்தி எடுத்தது. வாயைத் துடைத்து மடியில் சாய்த்துக்கொண்டேன். அண்ணாந்து பார்த்துக் கேட்டது.

"ஜட்ஜய்யா கேட்டா யாருகூடப் போறேன்னு சொல்லணும்?"

உன் மனசில் உள்ளதைச் சொல் என்றிருக்கலாம். ஆனால் தாயோடு என்று சொல்லிவிட்டால் அங்கேயே கூச்சல் கிளம்பும். அணை வரைக்கும் காவல் போய் விட்டுவர வேண்டும். துணிமணி, புத்தகம் என்று கம்பத்துக்கு இன்னொரு நடை... தகப்பனோடு என்றால் சிக்கலே இல்லை. வீடு போய்ச் சேர்ந்தால் போதும் என்றிருந்தது எனக்கு.

"அப்பாகூடன்னு சொல்லிரு ஆத்தா. சோலி முடிஞ்சிரும்."

"அம்மா அழுகாதா?"

"அழுகாது."

நீதிபதியின் அறைவாசலில் நின்றேன். பிள்ளை அப்படியே சொன்னது. யாராவது சொல்லிக்கொடுத்தார்களா என்று அவர் தன்மையாகத்தான் கேட்டார். இல்லை என்று தலையாட்டியது. என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை.

வராந்தாவில் அந்தத் தாய் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அப்போதுதான் பிள்ளை திரும்பி என்னைப் பார்த்தது.

பொழுது சாயுமுன் நான் வீட்டில் இருந்தேன்.

சில வருடம் கழித்து, வீரபாண்டித் திருவிழா பந்தோபஸ்தில் அந்தத் தாய் என்னை அடையாளம் கண்டு வந்தாள். கையில் சொம்பு நிறைய மோர்.

"பிள்ள வாந்தி எடுத்தப்ப மடியில வச்சிருந்தீகளாமேக்கா. மாசத்துக்கு ஒருக்கா பாக்க விடுறாக, அப்ப சொன்னா. நல்லா இருப்பீக."

டம்ளரில் ஊற்றித் தந்தாள். பிறகு குரல் இறங்கியது.

"எங்கிட்ட வரமாட்டேன்னு ஏன் சொன்னேன்னு கேட்டா மட்டும் வாயத் தொறக்க மாட்டேங்குறா. எம்மேல அப்படி என்ன கோவமோ... உங்ககிட்ட எதும் சொன்னாளாக்கா?"

ஒரு வார்த்தை போதும். மகள் தன்னை வெறுத்துவிட்டாள் என்று வெந்துகொண்டிருந்தவளுக்கு அது எவ்வளவு பெரிய ஆறுதல்! தெரிந்தும் சொன்னேனா?

"இல்லம்மா, ஒண்ணும் சொல்லல" என்றேன்.

டம்ளர் காலியாக இருப்பதைப் பார்த்து மறுபடி ஊற்றினாள். அதையும் குடித்தேன்.