அந்தப் பெயரைத் தவறாக எழுதியது பிலோமினா அல்ல

செவ்வாய்க்கிழமை காலை தேக்கா சந்தையில் மீன் வாங்கிக்கொண்டு நின்றபோது கைப்பேசி அடித்தது. பிலோமினாவின் மகள் ஷெரின். "அங்கிள், மம்மி போயிட்டாங்க. காலைல அஞ்சு மணிக்கு. கஷ்டப்படல" என்றாள். நான் "சரிம்மா" என்றேன். பிறர் வாசிப்பதற்காக எத்தனையோ மரணச் செய்திகளை எழுதியவன் நான். எனக்கென்று ஒன்று வந்தபோது "சரிம்மா" மட்டும்தான் கிடைத்தது. மீன்காரர் பையை நீட்டிக்கொண்டே, "யாருண்ணே?" என்று கேட்டார். சொன்னேன். "நியூஸ் படிக்கிற பிலோமினாவா?" என்று கத்தியைக் கீழே வைத்துவிட்டார். நான் காசு கொடுத்துவிட்டு நகர்வதற்குள் பக்கத்துக் காய்கறிக் கடை வரைக்கும் விஷயம் தெரிந்துவிட்டது.

அன்று மாலை புக்கிட் பாஞ்சாங்கில் அவர் குடியிருந்த அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் பெட்டியை வைத்திருந்தார்கள். ஜெபமாலை முடிந்தபின் பழைய சகாக்கள் ஒரு வட்ட மேசையில் உட்கார்ந்தோம். கடலை இருந்தது, பொட்டலப் பானம் இருந்தது, பேச்சுக்கும் பஞ்சமில்லை. அப்போது ஒருவர், நல்ல மனதோடுதான், "பிலோ ஒரு தடவை உயிரோட இருந்த ஆளையே நியூஸ்ல சாகடிச்சாங்களே, ஞாபகம் இருக்கா?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். ஷெரினும் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன்.

அந்தச் சிரிப்புதான் என்னை இதை எழுத வைக்கிறது. பிலோமினாவைத் திரையில் பார்த்தவர்கள், கூட வேலை பார்த்தவர்கள், தேவாலயத்தில் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்தவர்கள் எல்லோரும் இதைப் படிப்பீர்கள். உங்களில் பலருக்கு அந்தப் பிழை தெரியும். அது அவருடைய பிழையல்ல, என்னுடையது. இதைச் சொல்வதற்கு, அந்தப் பிழைக்குப் பிறகு அவர் உயிரோடிருந்த பதினோரு ஆண்டுகள் எனக்குப் போதவில்லை.

என் பெயர் சிவநேசன். தொலைக்காட்சிச் செய்திப் பிரிவில் ஆங்கிலக் குறிப்புகளைத் தமிழாக்கி எழுதுவது என் வேலை. ஒற்று மிகுமா மிகாதா என்று யாரோடும் மல்லுக்கு நிற்பேன். அலுவலகத்தில் எனக்கு ‘இலக்கண போலீஸ்’ என்று ஒரு பட்டம் உண்டு; கொடுத்தவர் பிலோமினா. நாங்கள் இருவரும் ஒரே ஆண்டில்தான் வேலைக்குச் சேர்ந்தோம். அவர் பகலில் ஒலிவாங்கியைத் தூக்கிக்கொண்டு செய்தி சேகரிக்கப் போவார், மாலையில் சேலை மாற்றிக்கொண்டு வந்து அதே செய்தியை வாசிப்பார். இரண்டையும் விடமாட்டேன் என்று கடைசிவரை பிடிவாதம் பிடித்தார்.

தீபாவளிக்கு முந்தைய வாரம் சிராங்கூன் சாலையில் பேட்டி எடுப்பது எங்கள் ஆட்களுக்கு ஒரு தண்டனை. ஒலிவாங்கியை நீட்டியதும் நம் மக்கள் பள்ளிப் பேச்சுப் போட்டிக்குப் போய்விடுவார்கள். அதுவரை "இந்த வருசம் கூட்டம் பயங்கரம் லா" என்று பேசிக்கொண்டிருந்த பெண்மணி, கேமராவைப் பார்த்ததும் நிமிர்ந்து நின்று, "நாங்கள் இப்பண்டிகையைச் சீரும் சிறப்புமாகக் கொண்டாடுகிறோம்" என்று முடித்துக்கொள்வார். பிலோமினா ஒலிவாங்கியை இடுப்பளவுக்கு இறக்கிவிடுவார். "இருக்கட்டும் ஆண்ட்டி, அந்தப் பையில என்ன?" என்று கேட்பார். முறுக்கு மாவு, மருமகளுக்குச் சேலை, போன வருசம் போன கணவர் என்று ஒவ்வொன்றாக வெளியே வரும். அவர் குறுக்கே பேசவே மாட்டார். அந்தப் பேட்டிகளைத்தான் மக்கள் ஞாபகம் வைத்துக்கொண்டு அவரிடம் திரும்பச் சொல்வார்கள்.

என் எழுத்தை அவர் ஒருநாளும் அப்படியே வாசித்ததில்லை. நகலெடுக்கும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் நின்று வாய்விட்டுப் படித்துப் பார்ப்பார். பாதியில் நிறுத்தி, "என்ன நேசன், இதெல்லாம் யாரு பேசுவா?" என்பார். எங்களுக்குள் பெரிய சண்டை ‘ஆடவர்’ என்ற சொல்லைப் பற்றியது. விபத்தில் ஆடவர் காயம், ஆற்றோரம் ஆடவர் சடலம் என்று நாங்கள் எழுதிக் குவித்த ஆடவர்களுக்குக் கணக்கே இல்லை. பிலோமினாவுக்கு அது பிடிக்காது. "ஆடவர்னா யாரு? கடையில விக்கிற பொருளா? பேர் இருக்கும்ல, பேரைக் கேட்டு வாங்குங்க" என்பார். குறிப்பில் பெயர் இல்லையென்றால் தானே நாலு பேருக்குத் தொலைபேசியில் பேசி வாங்கிவிடுவார். எனக்கு அது வீண் வேலையாகத் தெரிந்தது. எரிச்சலோடுதான் எழுதிக் கொடுப்பேன்.

பதினோரு ஆண்டுகளுக்கு முன் ஒரு கட்டுமானத் தளத்தில் சாரம் சரிந்து ஒரு தொழிலாளி இறந்தார். நான் வழக்கம்போல் ‘இந்திய நாட்டு ஆடவர்’ என்று எழுதியிருந்தேன். வாசிக்கப் போவதற்கு இருபது நிமிடம் இருக்கும்போது பிலோமினா தாளைத் திருப்பிக் கொண்டுவந்து வைத்தார். நிறுவனத்தில் ஒருவரைப் பிடித்து, குடும்பத்துக்குச் சொல்லியாயிற்றா என்று கேட்டு உறுதிசெய்துகொண்டு, பெயரை வாங்கியிருந்தார். ஆங்கிலத்தில் இரண்டு பெயர்கள்: செல்வராசு அய்யப்பன். நாம் இங்கே நம் பெயரை முன்னாலும் அப்பா பெயரைப் பின்னாலும் எழுதிப் பழகியவர்கள். ஊரிலிருந்து வேலைக்கு வருகிறவர்களின் பாஸ்போர்ட்டில் பல நேரம் அப்பா பெயர் முன்னால் வந்துவிடும். "இதுல எது அவர் பேரு, எது அப்பா பேரு? கேட்டுட்டுப் போடுங்க நேசன்" என்று சொல்லிவிட்டு அவர் ஒப்பனைக்குப் போனார். நான் கேட்கவில்லை. இது கூடவா எனக்குத் தெரியாது என்று நினைத்தேன். செல்வராசு என்று எழுதினேன். அவர் வந்ததும் "கேட்டீங்களா?" என்றார். "ஆமாம்" என்றேன்.

செய்தி முடிந்து ஒரு மணி நேரத்தில் தொலைபேசி வந்தது. எடுத்தது நான்தான். "சார், நான் செல்வராசு பேசறேன். நான் சாகல சார்" என்றது ஒரு குரல். இறந்தவர் அய்யப்பன், அவருடைய அப்பா பெயர் செல்வராசு. அதே நிறுவனத்தில், கிராஞ்சியில் அதே தொழிலாளர் விடுதியில், செல்வராசு என்று இன்னொருவரும் இருந்திருக்கிறார். "லாரியில வந்துட்டிருந்தேன் சார், போன்ல சார்ஜ் இல்ல. ரூமுக்கு வந்து பாத்தா, உங்க நியூஸ நெட்ல பாத்துட்டு எங்க ஊர்ல பந்தல் போட ஆள் வந்துட்டாங்களாம். எம் பொண்டாட்டி நான் பேசுனாலும் நம்ப மாட்டேங்குது. டிவில மாத்திச் சொல்லுங்க சார்." அவர் கோபப்படக்கூட இல்லை. கெஞ்சினார்.

இணையத்தில் இருந்த காணொளியை உடனே எடுத்துவிட்டோம். ஆனால் மறுநாள் காலையில்தான் முழுக் கதையும் தெரிந்தது. நிறுவனத்தார் பிலோமினாவிடம் சொன்னது பொய். அய்யப்பன் வீட்டுக்கு அவர்கள் அதுவரை சொல்லவே இல்லை. மகன் போனை எடுக்கவில்லையே என்று அவருடைய அம்மா முந்தின நாள் மாலை முழுக்கத் தவித்திருக்கிறார். பிறகு யாரோ எங்கள் செய்தியைக் காட்டி, "பாரு, செல்வராசுன்னு வேற ஒரு ஆளு" என்று சொல்லியிருக்கிறார்கள். அந்த அம்மா சாமிக்குச் சூடம் ஏற்றிவிட்டு நிம்மதியாகச் சாப்பிட்டிருக்கிறார். விடுதியில் இருந்தவர்களுக்கு உண்மை தெரியும். சொல்ல ஒருவருக்கும் வாய் வரவில்லை.

பிலோமினா என் மேசைக்கு வந்து நின்றார். திட்டுவார் என்று நினைத்தேன். "ஒரு வீட்ல அழ வச்சோம். அவங்க மன்னிச்சிடுவாங்க, ஆளு உயிரோட இருக்காரு. இன்னொரு வீட்ல நம்ப வச்சிட்டோமே நேசன்" என்றார். அவர் குரல் உடைந்து நான் கேட்டது அன்று ஒருமுறைதான்.

திருத்தத்தைத் திரையின் அடியில் ஓடும் வரியாகப் போட்டால் போதும் என்று மேலே சொன்னார்கள். பிலோமினா ஒத்துக்கொள்ளவில்லை. முதல் செய்தியாக, தன் முகத்தோடு சொல்வேன் என்றார். எழுதும் வேலை என்னிடம் வந்தது. ‘நேற்றைய செய்தியில் பெயர் தவறாகக் குறிப்பிடப்பட்டுவிட்டது’ என்று எழுதினேன். செயப்பாட்டு வினை. இலக்கணப்படி ஒரு குறையும் சொல்ல முடியாது. யார் செய்தார் என்று மட்டும் அதில் இருக்காது. பிலோமினா தாளை வாங்கிக்கொண்டு போய் உட்கார்ந்தார். விளக்கு எரிந்தது. "நேற்று இதே நேரத்தில் நான் ஒரு பெயரைத் தவறாகச் சொன்னேன். இறந்தவர் அய்யப்பன். அவருடைய தாயாரிடமும் திரு செல்வராசுவின் குடும்பத்திடமும் நான் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன்" என்றார். செய்தி வாசிக்கிறவர் ‘நான்’ என்று சொல்லி அதற்குமுன் நான் கேட்டதில்லை.

மின்தூக்கியில் இறங்கும்போது, "எழுதினது நான்தானே பிலோ, நாளைக்கு மேலே போய்ச் சொல்லிடறேன்" என்றேன். "எழுதினது நீங்க, படிச்சது நான். மூஞ்சி என்னுது லா" என்றார். கேட்டேன் என்று நான் பொய் சொன்னதை அவர் எடுக்கவே இல்லை. எனக்கு உயிர் வந்தது. மறுநாள் மேலே போய்ச் சொல்லவில்லை. அதற்கடுத்த நாளும் சொல்லவில்லை.

சில மாதம் அவரை மாலைச் செய்தியிலிருந்து மாற்றிக் காலையில் போட்டார்கள். காரணம் யாரும் சொல்லவில்லை, எல்லோருக்கும் தெரியும். அடுத்த ஆண்டு நான் மூத்த ஆசிரியரானேன். ஒரு பொங்கல் நிகழ்ச்சியில் அவரை மேடைக்கு அழைத்த அறிவிப்பாளர், "பிலோமினா வர்றாங்க, எல்லாரும் உயிரோட இருக்கீங்களான்னு ஒரு தடவை பாத்துக்குங்க" என்றார். பிலோமினாவும் சிரித்துக்கொண்டுதான் ஏறினார். முன்வரிசையில் உட்கார்ந்திருந்த நான் கைதட்டினேன்.

வியாழக்கிழமை அடக்கம் முடிந்து அவர்கள் வீட்டுக்கு வந்த பிறகு, ஷெரின் பிலோமினாவின் கைப்பேசியை என்னிடம் நீட்டினாள். "அங்கிள், ‘அய்யப்பன் அம்மா’ன்னு ஒரு நம்பர். மூணு தடவை அடிச்சிட்டாங்க. அவங்க பேசுற தமிழ் எனக்குச் சரியாப் புரியல. மம்மி சண்டே சண்டே பூசை முடிஞ்சு இவங்ககிட்டதான் பேசுவாங்கன்னு நினைக்கிறேன்." அந்தப் பிழைக்குப் பிறகு வந்த ஞாயிற்றுக்கிழமை பிலோமினா கிராஞ்சிக்குப் போய்ச் செல்வராசுவைப் பார்த்தது எனக்குத் தெரியும். அங்கே இந்த அம்மாவின் எண்ணை வாங்கியதும், பதினோரு ஆண்டுகள் விடாமல் பேசியதும் தெரியாது. அவர் என்னிடம் சொன்னதில்லை. சொன்னால் எனக்கு வலிக்கும் என்று நினைத்திருப்பார்.

நான் கூப்பிட்டேன். "பிலோமினாம்மா இல்லீங்களா? ஞாயித்துக்கெழம பேசலையே, ஒடம்பு முடியலையோன்னுதான்" என்றது வயதான குரல். அவர் தவறிவிட்டார் என்று சொன்னேன். பிறகு, "நீங்க யாருங்க?" என்றார்.

"நான் அவங்ககூட வேலை பாத்தவன்மா. அன்னிக்கு உங்க மகன் பேரை மாத்தி எழுதினது பிலோமினா இல்ல, நான். கேட்டுட்டு எழுதுங்கன்னு அவங்க சொன்னாங்க. நான் கேக்கல. கேட்டேன்னு பொய் சொன்னேன்."

ஷெரின் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அந்த அம்மா, "இத்தன வருசமா அந்தம்மா எங்கிட்ட மன்னிப்புக் கேட்டுக்கிட்டே இருந்துச்சு. நான் எப்பவோ மன்னிச்சிட்டேன், விடும்மான்னு சொல்லுவேன்" என்றார். "ஒங்கள நான் இன்னும் மன்னிக்கலீங்களே. இப்பத்தான தெரியுது."

"சரிம்மா" என்றேன்.

"ஞாயித்துக்கெழம கூப்புடுங்க. அய்யப்பனப் பத்திப் பேச எனக்கு ஆளு வேணும்" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

கைப்பேசியைத் திருப்பிக் கொடுத்தபோது ஷெரின் என் முகத்தைப் பார்க்கவில்லை. எண்ணை மட்டும் எழுதித் தர ஒரு தாள் தேடி, கடைசியில் ஜெபமாலைப் புத்தகத்தின் பின்பக்கத்தில் எழுதிக் கிழித்துக் கொடுத்தாள். பிலோமினாவிடமிருந்து எனக்கு வந்து சேர்ந்தது அந்த எண்தான். அவருடைய குரலோ பொறுமையோ எனக்கு வரவில்லை. வருவதற்கு நான் ஒன்றும் செய்யவுமில்லை. நாளை ஞாயிற்றுக்கிழமை. பூசை முடியும் நேரத்துக்குக் கூப்பிட வேண்டும். என்ன பேசுவது என்று இரண்டு முறை தாளில் எழுதிப் பார்த்தேன், இரண்டையும் கிழித்துவிட்டேன். எழுதி வைத்துக்கொள்ளாமல்தான் பேசப் போகிறேன். அந்த அம்மாவிடம் முதலில் கேட்கப் போகிறேன், அய்யப்பன் எப்படிப்பட்ட பிள்ளை என்று.