ஓம் சொல்லத் தெரியாத நடிகர்

சுவிஸ் மலைநாட்டில், எங்கடின் பள்ளத்தாக்கில் நான் சமைக்கும் ஹோட்டலுக்கு மாரிகாலம் தவறாமல் ஒரு சுவீடன்காரர் வந்து தங்குவார். நாற்பது வருடம் படங்களில் நடித்தவர். கதாநாயகனாக அல்ல, கதாநாயகனுக்கு ‘முடியாது’ என்று சொல்பவராக. முதல் படத்தில் டிக்கெட் இல்லாதவனை டிராமிலிருந்து இறக்கிவிடும் கண்டக்டர். பிறகு சுங்க அதிகாரி, நீதிபதி, பெண் கொடுக்க மறுக்கும் தகப்பன். அப்படி ஒரு முகம். மலை ரயிலில் அவர் சும்மா எழுந்து நின்றாலும் சனம் டிக்கெட்டை நீட்டும். அவரும் வாங்கிப் பார்த்துவிட்டுத்தான் கொடுப்பார்.

அந்த வருடம் எனக்குச் சுவிஸ் குடியுரிமை நேர்காணல். லண்டனில் அண்ணைக்குக் கிழமைக்கு மூன்று தரம் டயாலிசிஸ், அவரால் எங்கும் வர ஏலாது. என் அகதிப் பயணப் பத்திரத்துக்கு லண்டன் விசா இரண்டு தரம் மறுத்தாயிற்று. சிவப்புப் பாஸ்போர்ட் வந்தால்தான் அண்ணையின் முகம். இரவும் பகலும் எனக்கு அதே யோசனை.

விஷயம் கேள்விப்பட்ட நடிகர், “நான் அதிகாரி, நீங்கள் நீங்கள்தான். வாங்கோ பழகுவம்” என்றார். பேசியது என்னவோ அவருடைய அரைகுறை ஜெர்மனும் என்னுடைய அரைகுறை ஜெர்மனும்தான். மத்தியானச் சமையல் முடிந்து எங்களுக்கு இரண்டு மணித்தியாலம் ஓய்வு. சலவை அறையில் இஸ்திரி மேசைக்குப் பின்னால் அவர் அமர்ந்தார்.

முதலில் ஒரு பிஸ்கட்டை நீட்டினார். “வேண்டாம்” என்றேன். மனுசன் அதைத் தன் வாயில் போட்டுவிட்டார்! எங்கள் ஆட்கள் முதல் தரம் வேண்டாம் என்பார்கள், இரண்டாம் தரம் இருக்கட்டும் என்பார்கள், மூன்றாம் தரம்தான் கை நீட்டுவார்கள். இங்கே இரண்டாம் தரமே கிடையாது. இருபது வருடமாக இந்த நாட்டில் நான் இப்படித்தான் பட்டினி கிடக்கிறேன். இதை அவருக்கும் விளக்கிச் சொன்னேன்.

கேள்விகள் கேட்டார். ஏரிகளின் பெயர், குப்பை போடும் நாள், மலைக்காரர் கூவிப் பாடும் யோடல் பாட்டு. எல்லாவற்றுக்கும் சரியாகச் சொன்னேன்.

“மனு நிராகரிக்கப்படுது.”

“ஏன் ஐயா? எல்லாம் சரிதானே?”

“சரிதான். ஆனா ஓம் எண்டு சொல்லுற வசனம் எனக்கு ஒருத்தரும் எழுதித் தரேல்லையே. எப்பிடிச் சொல்லுறது எண்டு எனக்குத் தெரியாது.”

ஒன்பது நாள் பழகினோம், ஒன்பது நாளும் நிராகரித்தார். ஒரு நாள் கண்ணீர் விட்டுக்கொண்டே நிராகரித்தார். அறுந்த மனுசன்! மனைவியிடம் சொன்னபோது, “உந்தாளோட சேந்தா உள்ளதும் போகும்” என்றாள்.

நேர்காணலுக்கும் கூடவே வந்தார், உண்மையான அதிகாரி எப்படி இருப்பார் என்று பார்க்க ஆசையாம். அவர் முகத்தைக் கண்டதும் குடியுரிமைக் குழுத் தலைவர் பதறித் தன்னுடைய அடையாள அட்டையை எடுத்துக் காட்டினார். நடிகர் அதை வாங்கிப் பார்த்துவிட்டுப் பின்வரிசையில் அமர்ந்தார்.

தலைவர் தங்கமான மனுசன். கோப்பி தந்தார், பிள்ளைகளை விசாரித்தார், பதில்களுக்கெல்லாம் சிரித்தார். ஒன்பது நாள் நிராகரிப்பு வாங்கிப் பழகியவனுக்கு இது சொந்தக்காரர் வீட்டுக்குப் போனமாதிரி இருந்தது. கடைசியாக அவர், “அப்ப, சுவிஸ்காரனாக விருப்பமோ?” என்று கேட்டார்.

என் நாசமாய்ப்போன வாய் சொன்னது: “வேண்டாம், இருக்கட்டும். உங்களுக்கு ஏன் கரைச்சல்?”

தலைவருக்குப் பக்கத்திலிருந்த பெண் பேனாவை எடுத்து எழுதத் தொடங்கினாள். அண்ணை போச்சு என்று நினைத்தேன்.

பின்னால் கதிரை விழுந்த சத்தம். “ஓம்!” என்று கத்தினார் நடிகர். “அவருக்கு ஓம்! இன்னும் இரண்டு தரம் கேளுங்கோ!”

தலைவர் திகைத்துப்போய்த் திரும்பவும் கேட்டார். மூன்றாம் தரம்வரை நான் பொறுக்கவில்லை, “ஓம், ஓம்” என்றேன். எல்லாரும் எழுந்தபோது நடிகர் தலைவரிடம் போய், குரல் கொஞ்சம் நடுங்கிவிட்டது, திரும்ப ஒருக்கா எடுப்பமோ என்று கேட்டார்.

அடுத்த வருடம் லண்டனில் அண்ணையின் கதவைத் தட்டினேன். பாதியாகிப் போயிருந்தார். கட்டிப்பிடித்து அழுது முடிந்ததும், “தேத்தண்ணி குடிக்கிறியோ?” என்றார்.

“ஓம்” என்றேன்.

“முதல் தரமே ஓம் எண்டிட்டாய்! சுவிஸ்காரனாகீட்டியடா.”

தேத்தண்ணி ஒன்றுதான் வந்தது. டயாலிசிஸ் என்பதால் அவருக்கு அளந்துதான் தண்ணீர், அன்றைய அளவு முடிந்துவிட்டதாம். நான் குடித்து முடிக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தார்.