கள்ளாட்டச் சரோஜாவின் கொட்டையை உடைக்கப் போன கதை

தாப்பா பக்கம் பழைய ரப்பர் தோட்டங்களைப் பார்க்கப் போகிறவர்கள் வழி கேட்டு எழுதுகிறார்கள். எனக்குத் தெரிந்த வழி ஒன்றுதான். அதில் நான் போனது 1986 ஆகஸ்டு பள்ளி விடுமுறையில். சுற்றிப் பார்க்கப் போகவில்லை, ஒரு சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ளப் போனேன்.

அப்போது நாங்கள் ஈப்போ பக்கத்து லகாட்டில் புதிதாக வீடு வாங்கிக் குடியேறியிருந்தோம். ஒரு மாலை ரொட்டி வாங்கக் கடைக்குப் போகும்போது, திடலில் பிள்ளைகள் கைதட்டிப் பாடிக்கொண்டிருந்தார்கள்.

கள்ளாட்டச் சரோஜா
கொட்டைக்குள்ள தாரு
ஒடைச்சுக் காட்டச் சொன்னா
ஓடுறத பாரு

கேட்டதும் நின்றுவிட்டேன். அந்தப் பாட்டைக் கட்டியவனே நான்தான். 1971-இல், பதினொரு வயதில், அங்கிருந்து எழுபது கிலோமீட்டர் தள்ளி ஒரு தோட்டத்தில் கட்டியது. அது எப்படி இங்கே வந்தது?

சந்தேகம் என் கூடப்பிறந்தது. மீன்காரர் தராசைத் தூக்கினால் மீனைப் பார்க்கமாட்டேன், அவர் விரலைத்தான் பார்ப்பேன். அந்தத் தோட்டத்துச் சரோஜாவே இந்தப் பக்கம் குடிவந்து, என்னைக் குத்திக்காட்டப் பிள்ளைகளை ஏவிவிட்டிருக்கிறாள் என்றுதான் முதலில் நினைத்தேன். பாடிய சிறுமி ஒருத்தியைக் கூப்பிட்டு விசாரித்தேன். தோட்டத்திலிருக்கும் பெரியம்மா மகள் சொல்லிக்கொடுத்தாளாம். பிறகு அவளாகவே சொன்னாள்: "அந்த ஆன்ட்டி இன்னும் அங்கதான் இருக்காங்க அங்கிள். அவங்க ஆறு வயசு மக உமாவ யாரும் ஆட்டத்துக்குச் சேக்க மாட்டாங்க லா."

ரப்பர் கொட்டை ஆட்டம் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. சிமெண்டுத் தரையில் ஒருவர் கொட்டைமேல் இன்னொருவர் கொட்டையை வைத்து, உள்ளங்கையால் பொத்திப் பிடித்து, மறு கையால் ஓங்கிக் குத்த வேண்டும். எது உடைகிறதோ அது தோற்றது. அந்த வருடம் என் கொட்டை இருபத்தாறு கொட்டைகளை உடைத்திருந்தது. சரோஜாவின் கொட்டை அதை ஒரே குத்தில் பிளந்தது. நான் விடவில்லை. அவள் அம்மாவுக்கு ரப்பர் ஷீட் புகைபோடும் கொட்டகையில் வேலை, பக்கத்திலேயே தார் பீப்பாய் இருந்தது, கொட்டைக்குள் தார் ஊற்றியிருக்கிறாள் என்றேன். உடைத்துக் காட்டச் சொன்னேன், மறுத்துவிட்டாள். மடியில் கனமில்லாவிட்டால் வழியில் ஏன் பயம்? மறுநாளே பாட்டுக் கட்டிவிட்டேன். பதினைந்து வருடம் கழித்தும் எனக்கு அதில் சந்தேகமில்லை. ஆனாலும் ஆறு வயதுப் பிள்ளையை ஒதுக்கி வைத்திருக்கிறார்கள் என்றதும் மனசு கேட்கவில்லை. போய்ப் பேசிப் பார்க்கலாம், அந்தக் கொட்டை இன்னும் இருந்தால் அதையும் பார்த்துவிடலாம் என்று கிளம்பினேன்.

சனிக்கிழமை காலை 6.45-க்கு லகாட்டில் பஸ், ஈப்போவுக்கு அறுபது காசு. ஈப்போவிலிருந்து தாப்பாவுக்கு 7.50 பஸ், இரண்டு வெள்ளி நாற்பது காசு, ஒன்றரை மணி நேரம். தாப்பாவில் ரொட்டி சானாய் சாப்பிட்டேன். தோட்டச் சாலை பிரியும் இடத்துக்குப் பதினோரு கிலோமீட்டர். நாலு பேர் சேர்ந்து போகும் டாக்சியில் ஆளுக்கு ஒரு வெள்ளி. வேறு ஆள் வராததால் நாலு வெள்ளியும் நானே கொடுக்க வேண்டும் என்றார் ஓட்டுநர். சுற்றுவழியில் போகிறாரோ என்று கிலோமீட்டர் கற்களை எண்ணிக்கொண்டே வந்தேன். பதினொன்று சரியாகவே இருந்தது. அங்கிருந்து செம்மண் சாலையில் அரைமணி நடை. தலைக்குமேல் காய்கள் பட் பட்டென்று வெடித்துக் கொட்டைகள் சிதறின.

நுழைவாயிலில் காவலுக்கு நிற்கும் ஜாகாவிடம் ஐந்து நிமிடம் போயிற்று. என் தோல்பையைப் பார்த்துவிட்டு, இன்சூரன்ஸ் விற்க வந்த ஆள் என்று நினைத்துவிட்டார். இங்கே பிறந்து வளர்ந்தவன் என்று சொல்லியும் பாதி நம்பிக்கையோடுதான் விட்டார்.

சரோஜா மூன்றாவது லயத்தில், வரிசை வீடுகளில் ஒன்றில் இருந்தாள். கணவர் லாரி ஓட்டப் போயிருந்தார். என்னை உடனே அடையாளம் கண்டுகொண்டாள். உட்காரச் சொல்லிக் கோப்பி கலக்கினாள். உமா வாசற்படியில் தனியாகக் கொட்டைகளை அடுக்கிக் கொண்டிருந்தது. பாட்டு லகாட் வரைக்கும் வந்துவிட்டது என்று மட்டும் சொன்னேன்.

அவள் உள்ளே போய் ஒரு பழைய பவுடர் டின்னை எடுத்து வந்தாள். அதற்குள் அந்தக் கொட்டை, புகையேறிக் கறுத்துப் போய்.

"அன்னிக்கே ஏன் ஒடைச்சுக் காட்டல?" என்று கேட்டேன்.

"ஜெயிச்ச கொட்டைய யாராச்சும் ஒடைப்பாங்களா? தோக்குற வரைக்கும் ஒடைக்கக் கூடாதுன்னு நீதானே ரூல் போட்ட. இப்ப ஒடைச்சா நம்புவியா?"

நம்புவேன் என்றேன். அம்மிக்குழவியை எடுத்து வைத்தாள். இரண்டு அடிக்கும் உடையவில்லை. பார்த்தாயா, தார்தான் என்று உள்ளுக்குள் ஒரு குரல் குதித்தது. மூன்றாவது அடியில் பிளந்தது. உள்ளே பழுப்பேறிச் சுருங்கிய பருப்பு. வேறு ஒன்றும் இல்லை. அம்மா வேலை முடிந்து வரும்வரை அதைப் புகைக் கொட்டகைச் சட்டத்தின்மேல் வைத்திருப்பாளாம், அந்தப் புகையில் காய்ந்துதான் இறுகியிருக்கிறது. அடுப்பில் காயவைப்பது எல்லோரும் செய்ததுதான், அதில் கள்ளாட்டம் எங்கே வந்தது?

இனி நான் சொல்லாமல் விட்டதைச் சொல்ல வேண்டும். என் கொட்டைக்குள்தான் மெழுகு இருந்தது. ஊசியால் துளைத்து நானே ஊற்றினேன். மெழுகு ஊற்றிய கொட்டையைச் சும்மா கொட்டை உடைக்குமா? அவள் என்னைவிடப் பெரிய கள்ளாட்டம் ஆடியிருக்க வேண்டும் என்றுதான் எனக்குப் பட்டது. தன்னைப்போல் பிறரை நினை என்று பெரியவர்கள் சொன்னதை நான் இப்படித்தான் கடைப்பிடித்தேன். வெட்கத்தோடு அவளிடம் சொன்னேன்.

"தெரியும்லா. ஒடஞ்சப்பவே மெழுகு வாசம் வந்துச்சு. அதானே எல்லாத்தையும் பொறுக்கிட்டு ஓடுன. ஆனா நீ மண்டோர் மவன், எங்கம்மாவ வேல வாங்குறவரு ஒங்கப்பா. நா சொன்னா யாரு நம்புவா? எங்கதைய விடு சேகரு. உமாவ ஆட்டத்துல சேத்துக்கச் சொல்லு, போதும்."

மாலை நாலு மணிக்குத் திடலுக்குப் போனோம். ஒன்பது பிள்ளைகள் இருந்தார்கள். பாட்டுக் கட்டியது நான், அது பொய், கள்ளாட்டம் ஆடியதும் நான் என்று சொல்லி, உடைந்த ஓட்டைக் காட்டினேன். பத்து வயதுச் சிறுமி ஒருத்தி அதை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இது வேற கொட்டையா இருக்கும்," என்றாள். "அவங்க ஒங்களுக்குச் சொந்தமா அங்கிள்?"

அவள் இடத்தில் நான் இருந்தாலும் அதையேதான் கேட்டிருப்பேன். சந்தேகப்பட்டவர்கள் முன்னால் உடைத்திருக்க வேண்டிய ஒரே சாட்சியை, என் அரிப்புக்காக அடுப்படியில் உடைத்துவிட்டு வந்து நிற்கிறேன். சரோஜாவின் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

கடைசியில் அந்தச் சிறுமியிடமே சொன்னேன், மரத்தடியில் ஒரு கொட்டையை நீயே பொறுக்கி உமாவிடம் கொடு என்று. அவள் நன்றாகத் தேடி ஒன்றைக் கொடுத்தாள். உமா குந்தி உட்கார்ந்து சிறுமியின் கொட்டைமேல் அதை வைத்துக் குத்தியது. முதல் குத்திலேயே உமாவின் கொட்டை பிளந்து வெள்ளைப் பருப்பு வெளியே வந்தது. எல்லோரும் குனிந்து பார்த்தார்கள். சிறுமி மோந்துகூடப் பார்த்தாள்.

"சும்மா கொட்டதான்," என்றாள். "வேற எடுத்துட்டு வா. அடுத்த ஆட்டம்."

உமா மரத்தடிக்கு ஓடிற்று. ஜெயித்த அம்மாவை யாரும் நம்பவில்லை, தோற்ற மகளை நம்பிவிட்டார்கள். நான் பேசிய பேச்சுக்கு அங்கே ஒரு காசு மதிப்பில்லை.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். மேலே சொன்னது அந்தக் காலத்துக் கட்டணம், இப்போது விசாரித்துக்கொள்ளுங்கள். தோட்டத்தில் பாதிக்குமேல் எண்ணெய்ப்பனை வந்துவிட்டது, ரப்பர் மரம் ஆற்றுப் பக்கம்தான் மிச்சம். கொட்டை விழுவதைப் பார்க்க ஆகஸ்டில் போங்கள். குடை வேண்டும், மாலையில் எப்போது வேண்டுமானாலும் மழை வரலாம். தோல்பை எடுத்துப் போகாதீர்கள். திரும்பும் டாக்சி ஐந்தரைக்குமேல் கிடைக்காது, நான் ஓடித்தான் பிடித்தேன்.

மறுநாள் லகாட் திடலுக்கும் போனேன். அங்கே சரோஜாவை யாரும் நேரில் பார்த்ததில்லை, ஆனால் பாட்டை விட மனசில்லை. சரி, பேரையாவது மாற்றுங்கள் என்று என் பேரைக் கொடுத்தேன். சந்தோஷமாக வாங்கிக்கொண்டார்கள். தாரு இருந்த இடத்தில் மெழுகு என்று வைத்துப் பார்த்தார்கள், பாட்டு இடித்தது. தாரையே வைத்துக்கொண்டார்கள். நான் தார் ஊற்றவே இல்லை என்று சொல்லிப் பார்த்தேன், யார் கேட்டார்கள்? கடைக்குப் போகும்போதெல்லாம் "கள்ளாட்டச் சேகரு" என்று பின்னாலிருந்து கேட்கும். சரோஜா அதைப் பதினைந்து வருடம் கேட்டாள். நான் மூன்றாவது வாரமே வேறு கடைக்குப் போக ஆரம்பித்துவிட்டேன்.