மாமா கொடுத்த போன்

ஆடி மாதத்தில் எங்கள் பக்கத்தில் யாரும் நிலம் கிரயம் செய்வதில்லை. கல்யாணம் பேச மாட்டார்கள், புது வீடு குடிபோக மாட்டார்கள், பத்திர ஆபீசில் ஈ ஓட்டிக்கொண்டிருப்பார்கள். அதை நம்பித்தான் நான் கெட்டேன். அதையும், என் மாமாவையும்.

மாமா என்றால் அம்மாவுக்கு ஒன்றுவிட்ட தம்பி. சேலத்தில் செல்போன் உதிரிபாகங்கள் மொத்த வியாபாரம் செய்கிறார். டிஸ்பிளே, பேட்டரி, சார்ஜ் ஏற்றும் பின் எல்லாம் சென்னையிலிருந்து பெட்டி பெட்டியாக வரும். ராசிபுரம், புதுச்சத்திரம், ஆத்தூர் என்று சர்வீஸ் கடைகளுக்கு எங்களிடமிருந்து போகும். கம்பெனிகளுக்கு மொத்தமாக போன் எடுத்துக்கொடுப்பது தனி வியாபாரம். கோழிப்பண்ணைக்காரர்கள், போர் போடும் ரிக் வண்டி முதலாளிகள் எல்லாம் தங்கள் ஆட்களுக்கு ஒரே மாதிரி போன் வாங்குவார்கள். ஆள் எங்கே நிற்கிறான் என்று காட்டவும், அவன் பேசுவதைப் பதிவுசெய்து முதலாளிக்கு அனுப்பவும் ஒரு ஆப் உண்டு. அதைப் போட்டுக்கொடுப்பது என் வேலை. காலேஜ் முடித்ததிலிருந்து அதே கடைதான்.

போனைக் கையில் கொடுக்கும்போது ஒவ்வொருவரிடமும் சொல்லிவிடுவேன். "அண்ணா, இதுல பேசறது ஆபீசுக்குக் கேக்குமுங்க. ஊட்டுப் பேச்செல்லாம் சொந்த போன்ல வச்சுக்கங்க." சில முதலாளிகளுக்கு அது பிடிக்காது. பிடிக்காவிட்டால் போகட்டும். ஒருவன் தன் பெண்டாட்டியிடம் பேசுவதை இன்னொருவன் உட்கார்ந்து கேட்பதெல்லாம் ஒரு பிழைப்பா?

எனக்கும் மாமா ஒரு போன் கொடுத்தார். இரண்டு வருஷம் முன்பு ஆயுத பூஜையன்று, சந்தனம் குங்குமம் வைத்து, கடையில் எல்லோருக்கும் முன்னால் கொடுத்தார். "இந்தா சாமி, நீயென்ன வேலைக்காரியா? எங்கூட்டுப் புள்ள. நல்லதா ஒண்ணு வச்சுக்க." ஊரிலுள்ள போனையெல்லாம் நோண்டுகிறவள் அதை மட்டும் நோண்டிப் பார்க்கவில்லை. மாமன் ஆசையாகக் கொடுத்ததைச் சோதித்துப் பார்ப்பதா? என் பழைய போனில் பேட்டரி உப்பிப்போயிருந்தது. அதைத் தூக்கிப் போட்டுவிட்டு எல்லாவற்றுக்கும் இதையே வைத்துக்கொண்டேன்.

இனி காட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். காடு என்றால் எங்கள் பக்கத்தில் விவசாய நிலம். மல்லசமுத்திரம் பக்கத்தில் எங்கள் காடு ரோட்டை விட்டு உள்ளே இருக்கிறது. ரோட்டுக்கும் எங்களுக்கும் நடுவில் ஒல்லியாக, நீளமாக ஒரு துண்டு நிலம். ஆத்தூரில் மகனோடு இருக்கும் ஒரு பெரியவருடையது. அதன் ஓரமாகத்தான் எங்களுக்குத் தடம். டிராக்டர் உள்ளே போவதும் குச்சிக்கிழங்கு என்கிற மரவள்ளி லோடு வெளியே வருவதும் அந்தத் தடத்தில்தான். பத்திரத்தில் அப்படி ஒரு தடம் கிடையாது. பெரியவர் மனசு வைத்து விட்டதுதான். அந்தத் துண்டு வேறொருவர் கைக்குப் போய் வேலி விழுந்தால் எங்கள் காடு அடைபட்டுப் போகும். நானும் என் வீட்டுக்காரரும் அந்தத் துண்டுக்குப் பல்லிவால் காடு என்று பெயர் வைத்திருந்தோம். எங்கள் இருவருக்குள் மட்டும்தான். என் மாமியாருக்குக்கூடத் தெரியாது.

ஆனி மாதத்தில் பெரியவரே கூப்பிட்டு அதை விற்கப் போவதாகச் சொன்னார். அண்டைக்காட்டுக்காரர்கள் என்பதால் எங்களுக்குத்தான் முதல் பேச்சு என்றார். விலையும் பேசி முடிந்தது. "ஆடி பொறக்கப் போகுதுங்க. ஆவணி முதல் முகூர்த்தத்துல கிரயம் வச்சுக்கலாமுங்க" என்றேன். சரி என்றார். முன்பணம்கூடக் கொடுக்கவில்லை. ஆடியில் எவன் வந்து நிலம் வாங்கப்போகிறான் என்ற நினைப்புதான்.

வீட்டுக்காரர் லாரி ஓட்டுகிறார். அப்போது நாக்பூர் பக்கம் போயிருந்தார். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் கடை மொட்டை மாடியில் நின்று அவரோடு பேசுவேன். "பல்லிவாலு நமக்குத்தானுங்க. ஆவணி வரைக்கும் யாருகிட்டயும் மூச்சு உட்றாதீங்க" என்று சொன்னதும் அங்கே நின்றுதான். இன்னொன்றும் சொன்னேன். தீபாவளி கழித்து மாமா கடையிலிருந்து நின்றுகொண்டு மல்லசமுத்திரத்தில் சொந்தமாக உதிரிபாகக் கடை போடுகிறேன், மாமாவுக்குச் சரக்கு அனுப்பும் சென்னைக்காரர் எனக்கும் நேராகவே தருகிறேன் என்றுவிட்டார் என்றேன். "மாமாகிட்ட எப்படிச் சொல்றதுன்னுதான் சங்கடமா இருக்குதுங்க. என்னைய ரொம்ப நம்பியிருக்கறாரு" என்று சொல்லி அழுதுகூட விட்டேன். இப்போது நினைத்தால் என்னையே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

ஆவணி பிறந்தது. வெற்றிலை பாக்கு, பழம் எல்லாம் தட்டில் எடுத்துக்கொண்டு நாங்கள் இருவரும் ஆத்தூர் போனோம். பெரியவர் முகமெல்லாம் சிரிப்பாக வாசலுக்கே வந்தார்.

"வாங்க வாங்க. பத்திரம் பார்த்தீங்களா? எல்லாம் சரியா இருக்குதா?"

"எந்தப் பத்திரமுங்க?" என்றேன்.

"என்னம்மா இப்படிக் கேக்கற? உங்க மாமா ஆடியிலேயே வந்து கிரயம் பண்ணிட்டுப் போனாரே. எங்க வீட்டுப் பொண்ணு, அதுக்குத் தெரியாம என் பேர்ல வாங்கி, அப்புறம் குடுத்து சந்தோஷப்படுத்தணும்னாரு. ஆடியாச்சேன்னு நான்கூடக் கேட்டேன். நல்ல காரியத்துக்கு நாளென்ன கிழமையென்னன்னாரு."

என் வீட்டுக்காரர் தட்டைக் கீழே வைத்தார்.

"அவரு வந்து சொன்னா அப்படியே நம்பீருவீங்களா? எங்களை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமில்லீங்க?" என்றேன். குரல் என்னை மீறிப் போனது.

பெரியவருக்கு முகம் வெளுத்துவிட்டது. "நம்பாம என்னம்மா செய்ய? நாம பேசின விலை, ஆவணி முகூர்த்தம், அத்தனையும் சொன்னாரு. பல்லிவால் காடுன்னு சொல்லிச் சிரிச்சாரு. புருஷன் பெண்டாட்டி ரெண்டு பேரும் அப்படித்தான் சொல்லிக்குவீங்களாமே."

ஆத்தூர் பஸ் ஸ்டாண்டில் நின்று போனைத் திறந்தேன். எங்கே பார்க்க வேண்டும் என்று எனக்கா தெரியாது? நாலு தட்டுத் தட்டியதும் வந்து நின்றது, நான் தினமும் அடுத்தவர்களுக்குப் போட்டுக்கொடுக்கும் அதே ஆப். நிலம் போனதுகூட அந்த நேரத்தில் நினைவில் இல்லை. போன வருடம் எனக்குக் கரு கலைந்தபோது அந்த மாடியில் நின்றுதான் வீட்டுக்காரரிடம் அழுதேன். வேறு யாருக்கும் சொல்லவில்லை. மறுநாள் மாமா ஆப்பிளும் மாதுளையும் வாங்கிக்கொண்டு வந்து, "ஏஞ்சாமி, ஒரு மாதிரியா இருக்கற?" என்று ஒன்றும் தெரியாதவர் போலக் கேட்டார். இப்படி ஒரு மனுஷன் யாருக்குக் கிடைப்பார் என்று அன்று உருகினேன். படுபாவி!

மறுநாள் காலையில் கடைக்குப் போய் நேராகக் கேட்டேன். "ஏனுங்க மாமா, எம்பட போன்ல எதுக்குங்க அதைப் போட்டீங்க?"

அவர் மறுக்கவே இல்லை. டீயை ஆற்றிக்கொண்டே சொன்னார். "வியாபாரம்னா நாலையும் பாக்கோணும் சாமி. எல்லாருக்கும் போடறதுதான் உனக்கும்."

"எங்கூட்டுப் புள்ளைன்னீங்களே?"

"அதுல என்ன சந்தேகம்? அதனாலதான் காட்டை வேற எவனுக்கும் உடாம நானே வாங்கிப்போட்டேன். நீ இந்தக் கடையில இருக்கற வரைக்கும் தடத்துக்கு ஒரு கொறையும் வராது கண்ணு. உம்பட டிராக்டர் பாட்டுக்குப் போயிட்டு வரட்டும்."

கடையில் இருக்கிற வரைக்கும்! அப்போதுதான் எல்லாம் விளங்கியது. காட்டின்மேல் அவருக்கு ஆசையே இல்லை. நான் தனிக்கடை போடக்கூடாது, சென்னைக்காரர் என் பக்கம் வரக்கூடாது, அதற்குத்தான் எங்கள் வழியை வாங்கி மடியில் கட்டிக்கொண்டார். நம்பவைத்துக் கழுத்தை அறுப்பது என்று கேள்விப்பட்டிருக்கிறேன். இவர் சாமி, கண்ணு என்று கொஞ்சிக்கொண்டே அறுத்தார்.

போனை அவர் மேஜைமேல் வைத்துவிட்டு இறங்கி வந்துவிட்டேன். போலீசுக்குப் போகலாம் என்றார் வீட்டுக்காரர். போன் மாமா வாங்கியது, பல்லிவாலும் அவர் பேரில் இருக்கிறது, என்னவென்று சொல்வது? அம்மாவோ, "எந்தம்பி மேல கேசு போட்டீன்னா நான் ஊருக்குள்ள எப்படித் தலைகாட்டறது?" என்று அழுதாள். எனக்காக அழுகிறாள் என்று முதலில் நினைத்தேன்.

அந்த வாரமே பல்லிவாலில் கம்பி வேலி விழுந்தது. கிழங்கு பிடுங்கும் காலம் வந்தபோது டிராக்டர் ரோட்டிலேயே நின்றது. ஓடையைச் சுற்றி, வரப்பு வழியாகத் தலைச்சுமையாகவே சுமந்து வந்து ஏற்றினோம். மல்லசமுத்திரத்தில் சொன்னபடி கடை போட்டுவிட்டேன். காலையில் கிழங்கு மூட்டை சுமந்துவிட்டு வந்து, கழுத்து வலியோடு டிஸ்பிளே எடுத்துக்கொடுப்பேன். புது போன் வாங்கி வைத்திருக்கிறேன். இருந்தாலும் வீட்டுக்காரரோடு பேசும்போது குரல் தானாகத் தணிந்துவிடுகிறது. முன்பு போலச் சிரித்துப் பேச வரவில்லை.

தையில் ஒரு சொந்தக்காரர் வீட்டுக் காதுகுத்து. பந்தியில் எனக்கு எதிர் வரிசையில் மாமா. எல்லோருக்கும் கேட்கும்படி, "ஏஞ்சாமி, நம்பரை மாத்திப்போட்டயா? உன்னையப் புடிக்கவே முடியலையே. புது நம்பரைச் சொல்லு" என்றார்.

"நம்பர் எதுக்குங்க மாமா? நாங்க ஊட்டுக்குள்ள பேசறது இப்பெல்லாம் உங்களுக்குக் கேக்கறதில்லீங்களா?" என்றேன்.

பந்தியே சிரித்தது, மாமன் மருமகள் கேலி என்று. அவரும் சேர்ந்து சிரித்துவிட்டு, பரிமாறுகிறவரிடம், "எங்கூட்டுப் புள்ள, நல்லாப் போடுங்க" என்றார். இலையில் பாயசம் விழுந்தது. நான் அதைத் தொடவில்லை. இலையை என் பக்கமாக மடிக்காமல், எழவு வீட்டுச் சாப்பாட்டுக்குப் பிறகு மடிப்பது போல எதிர்ப்பக்கமாக, அவரைப் பார்க்க மடித்துவிட்டு எழுந்தேன். அவர் சிரிப்பு நின்றது. அம்மா ஓடி வந்து அந்த இலையைப் பிரித்து என் பக்கமாக மடித்து வைத்தாள்.